அள்ளக் குறையாத பாத்திரமும் நிறுத்துக் கொடுத்த இழையும்

2019-ஆம் ஆண்டு ஜூலைத் திங்கள் முதல் நாள் தொடங்கி 48 நாள்கள், காஞ்சிபுரத்துத் தெருக்களில் மண் தெரியவில்லை. மனிதத் தலைகளே தெரிந்தன. வரதராசப் பெருமாள் கோயில் குளத்தின் அடியில் 40 ஆண்டுகள் கிடந்த அத்திமரச் சிலையை வெளியே எடுத்துக் கிடத்தியும் நிறுத்தியும் காட்டினார்கள். ஒரு கோடிப் பேருக்கு மேல் வந்து கண்டதாகக் கணக்குச் சொன்னார்கள். கண்டார்கள், கைகூப்பினார்கள், களைத்துத் திரும்பினார்கள். 48 நாள் முடிந்ததும் சிலை மீண்டும் நீருக்குள் சென்றது. அதே ஆண்டுக் கோடையில்தான், 40 கல் தொலைவுக்குச் சற்று அப்பால், சென்னைத் தாய்மார்கள் குடத்தை இடுப்பில் ஏந்திக்கொண்டு தண்ணீர் லாரியின் பின்னால் ஓடிக்கொண்டிருந்தார்கள்.

குளத்திலிருந்து எழும் பொருளைக் காணக் காஞ்சி கூடியது அதுதான் முதல் முறையா? இல்லை, தோழர்களே! ஏறத்தாழ ஆயிரத்து ஐந்நூறு ஆண்டுகளுக்கு முன்னரே, குளத்திலிருந்து எழுந்த ஒரு பொருளைக் காஞ்சிக்குக் கொண்டுவந்து நிறுத்தி, அதைச் சுற்றி மக்களைத் திரட்டிக் காட்டினார் ஒரு புலவர். அது தேக்கும் அன்று, அத்தியும் அன்று. ஒரு பிச்சைப் பாத்திரம். அதனிடம் மக்கள் சென்றது கும்பிடுவதற்காக அன்று, உண்பதற்காக. அந்தப் புலவர் கூலவாணிகன் சீத்தலைச் சாத்தனார். நூல், மணிமேகலை. பாத்திரத்தின் பெயர் அமுதசுரபி.

உ. வே. சாமிநாதையர் ஓலைச்சுவடிகளைத் தேடி ஒப்புநோக்கி 1898-இல் இந்நூலை அச்சேற்றிய நாள்முதல் புலவர் பெருமக்கள் இதைப் போற்றி வருகின்றனர். பட்டிமன்றங்களிலே அமுதசுரபி படாத பாடு படுகிறது. ஆனால், 'அள்ள அள்ளக் குறையாத அற்புதம்' என்று வியந்துவிட்டு அமர்ந்துவிடுகிறவர்கள்தாம் மிகுதி. அந்த அற்புதத்திற்குப் புலவர் என்ன வேலை கொடுத்தார், எங்கே அதை ஓயவைத்தார், எங்கே அது அவர் கையையே மீறிப் பேசுகிறது என்று கேட்பவர்கள் குறைவு. கேட்போம்.

நினைத்தபடி மாறும் பொருள்

நினைத்தால் உருமாறும் பொருள், தொட்டால் பெருகும் பொருள் என்று ஒன்றைக் கற்பனை செய்யாத மக்கள் இல்லை. பின்லாந்து நாட்டார் தம் பழம்பாடல்களிலே சம்போ என்றொரு திரிகையைப் படைத்தார்கள். அது ஒரு பக்கம் மாவையும் ஒரு பக்கம் உப்பையும் ஒரு பக்கம் பொன்னையும் அரைத்துக் கொட்டும். எலியாசு லோன்ரோட் என்பார் அப்பாடல்களைத் தொகுத்துக் 'கலேவலா' என்ற காப்பியமாக 1835-இல் வெளியிட்டார். அதன்படி, அத்திரிகையைக் கவர்ந்து செல்லும் போரிலே அது உடைந்து கடலில் வீழ்ந்தது. ஐரோப்பிய இரசவாதிகளோ ஈயத்தைப் பொன்னாக்கும் கல்லைத் தேடி ஆயுளைத் தொலைத்தார்கள். ஈர்ப்பு விதி கண்ட நியூட்டனே அந்த ஆசையில் சிக்கிக் கட்டுக் கட்டாக எழுதிக் குவித்தார். நம் நாட்டிலும் பரிசவேதி என்றும் பாதரசக் குளிகை என்றும் பேசியவர்கள் உண்டு. இரும்பைப் பொன்னாக்கக் கனவு கண்டார்கள். இரும்பை ஏர்க்கொழு ஆக்கியவனை எந்தக் கனவிலும் அவர்கள் காணவில்லை.

ஒரு மக்கள் கூட்டம் எந்த மாயப் பொருளைக் கனவு காண்கிறது என்று சொல்லுங்கள். அந்தக் கூட்டத்தின் எந்த வயிறு எரிந்தது என்று சொல்லிவிடலாம். பொன்னாக்கும் கல், பேராசையின் கனவு. சோறு சுரக்கும் ஓடு, பசியின் கனவு.

சோற்றுக் கனவிலும் வேறுபாடு உண்டு. பாரதத்திலே ஓர் அட்சய பாத்திரம் வருகிறது. காடு சென்ற தருமனுக்குச் சூரியன் கொடுத்தது. அவனைப் பின்தொடர்ந்து வந்த அந்தணர்களுக்குப் படைக்க வழியின்றி அவன் தவித்தபோது கிடைத்தது. திரௌபதி உண்டு முடித்தால் அன்றைக்கு அதன் சுரப்பு நின்றுவிடும். நம்மவர்கள் பலர் இதையும் அமுதசுரபியையும் ஒன்றாகக் குழப்பிக்கொள்கிறார்கள். குழப்பலாகாது. அது அரச குடும்பத்தின் விருந்தோம்பல் கெடாதிருக்க வந்த பாத்திரம். அமுதசுரபியின் பந்தியில் அமர்ந்தவர்கள் யார்? கண் காணாதவர், காது கேளாதவர், கால் முடமானவர், காப்பார் அற்றவர், நோயால் நடுங்குபவர். சாத்தனார் அவர்களைப் பெயர் சொல்லி வரிசைப்படுத்துகிறார். தமிழ்க் காப்பியத்திலே அவர்களுக்காகப் பந்தி விரித்தவர் அவர். இதை ஒப்புக்கொள்ளாமல் அவரைக் குறைகூறத் தொடங்குவது நேர்மை ஆகாது.

கல் விழுந்த ஓடு

அமுதசுரபியின் முதல் உரிமையாளன் ஆபுத்திரன். தாய் சாலி; அந்தணப் பெண்; ஈன்ற குழந்தையைத் தோட்டத்திலே விட்டுவிட்டுப் போனவள். பசு ஒன்று பால் சொரிந்து காத்தது. பூதி என்னும் அந்தணன் எடுத்து வளர்த்தான், வேதமும் கற்பித்தான். ஒருநாள் வேள்விச் சாலையிலே பூச்சூட்டிக் கட்டப்பட்டுக் கண்ணீர் விட்டுக் கதறும் பசுவைக் கண்டான் பிள்ளை. இரவோடு இரவாக அதை அவிழ்த்துக்கொண்டு ஓடினான். பிடித்தார்கள், அடித்தார்கள். 'மாட்டின் மகன்' என்று ஏசினார்கள். அவன் கலங்கவில்லை. பசுவின் வயிற்றிலும் மானின் வயிற்றிலும் புலியின் வயிற்றிலும் நரியின் வயிற்றிலும் பிறந்ததாக அவர்களே போற்றும் முனிவர்களை அடுக்கிக் காட்டி, 'இவர்கள் உயர்ந்தோர் என்றால் பசு வளர்த்த நான் எப்படித் தாழ்ந்தேன்?' என்று கேட்டான். தாயின் கதையை எடுத்தார்கள். வசிட்டரும் அகத்தியரும் பிறந்த கதையைத் திருப்பி எடுத்தான். விடை சொல்ல இயலாதவர்கள் வழக்கமாகச் செய்வதையே செய்தார்கள். வளர்த்தவனே வீட்டை விட்டு விரட்டினான். ஊராரோ அவன் நீட்டிய பிச்சை ஓட்டிலே சோற்றுக்குப் பதிலாகக் கல்லைப் போட்டார்கள்.

கேள்வி கேட்டவனுக்குக் கல்! இந்த ஓரிடத்தை எழுதியதற்காகவே சாத்தனாரின் எழுத்தாணிக்கு வணக்கம் சொல்லலாம். ஏனெனில், பிறப்பின் பெயரால் மனிதனைத் தள்ளி வைக்கும் வழக்கத்தை மறுத்து வாதாடும் ஓர் இளைஞனைக் காப்பியத்தின் நடுவிலே நிறுத்தி, அவனை வெல்ல முடியாதவர்களின் கையிலே கல்லையும் கொடுத்து, இருவரையும் நம் கண்முன் காட்டிவிட்டார் அவர்.

துரத்தப்பட்டவன் தென்மதுரைக்கு வந்தான். பகலெல்லாம் பிச்சை எடுத்தான். இல்லாதவர்களை அழைத்து ஊட்டினான். மிச்சத்தைத் தான் உண்டான். ஓட்டையே தலையணையாக வைத்து உறங்கினான். மழை பெய்த ஒரு நள்ளிரவில் பசியோடு சிலர் வந்து எழுப்பினார்கள். கொடுக்க ஒன்றும் இல்லை. துடித்தான். அப்போதுதான் சிந்தாதேவி என்னும் தெய்வம் தோன்றி அமுதசுரபியைக் கொடுத்ததாகக் கதை.

இங்கே ஓர் உண்மையைக் குறித்துக்கொள்ள வேண்டும். தெய்வம் வந்தது கடைசியில். அதற்கு முன்பே பந்தி நடந்துகொண்டிருந்தது! மண்ணோட்டிலே பிச்சை எடுத்து ஊரின் மிச்சத்தை ஊரின் எளியவர்க்குப் பங்கிட்ட ஒரு மனிதனின் உழைப்பு முன்னே; அற்புதம் பின்னே. நமது கதாகாலட்சேபக்காரர்கள் முன்னதை ஒரு மூச்சில் சொல்லி முடித்துவிட்டுப் பின்னதற்குக் கற்பூரம் ஏற்றுகிறார்கள்.

மழை வந்தது; பாத்திரம் ஓய்ந்தது

அடுத்து வருவது இந்நூலின் ஆழமான இடம். ஆபுத்திரனின் புகழ் கண்டு இந்திரனின் ஆசனம் அசைந்தது. கிழ அந்தணனாக வந்தான். 'வரம் தருகிறேன்' என்றான். ஆபுத்திரன் சிரித்தான். 'பசித்து வந்தவரின் முகம் மலர்வதைக் காட்டும் இந்தப் பாத்திரம் போதும். உன் உலகத்தில் எனக்கு என்ன வேலை?' என்னும் பொருள்பட விடை சொன்னான். சினந்த தேவராசன் என்ன செய்தான்? இடியை ஏவவில்லை. 12 ஆண்டுகளாக வறண்டு கிடந்த பாண்டி நாட்டின்மீது மழையை ஏவினான்! வயல் விளைந்தது, வளம் பெருகியது, பசித்தவர் இல்லை, பாத்திரத்தைத் தேடி வருவார் இல்லை. ஊரம்பலத்தில் உண்ண வந்தோரின் ஆரவாரம் ஓய்ந்து, வட்டாடிப் பொழுது போக்குவோரின் ஆரவாரம் எழுந்தது.

பொறாமையால் பெய்த மழையாம். இருக்கட்டும். ஆனால், சொல்லவந்தது என்னவோ, சொல்லப்பட்டது வேறு. அற்புதப் பாத்திரத்தைத் தோற்கடிக்க வல்லது இன்னொரு அற்புதம் இல்லை; விளைந்த வயல்தான்! நீர் இருந்தால், நிலம் விளைந்தால், கையேந்துவோர் இல்லை. கையேந்துவோர் இல்லையேல் அறப்பாத்திரத்துக்கு வேலையில்லை. இந்தப் பேருண்மையைச் சாத்தனாரே எழுதிவிட்டார். எழுதியவர் அதன் முடிவுவரை செல்லவில்லை. வேலையிழந்த பாத்திரத்தைத் தூக்கிக்கொண்டு பஞ்சம் உள்ள வேறு நாட்டைத் தேடிச் சாவகத்துக்குக் கப்பல் ஏறுகிறான் அவர் நாயகன். வழியிலே மணிபல்லவத் தீவில் இறங்குகிறான். இரவிலே கப்பல் போய்விடுகிறது. ஆளில்லாத தீவு, ஆயிரம் பேரை ஊட்டும் பாத்திரம், உண்ண ஒருவரும் இல்லை. 'பலர் உயிரைக் காக்கும் இதைக்கொண்டு என் ஓர் உயிரையா காப்பேன்?' என்று, ஆண்டுக்கு ஒருமுறை வெளிப்படுமாறு கோமுகிப் பொய்கையில் அதை இட்டுவிட்டு, உண்ணாதிருந்து உயிர்விடுகிறான்.

நெஞ்சை உருக்கும் இடந்தான். ஆனால், நெஞ்சு உருகுவதால் அறிவு உறங்கிவிடக் கூடாது. பங்கிட மக்கள் இல்லாத வளம் பாழ் என்பது நல்ல பாடம். கொடுப்பவனுக்குப் பெருமை வேண்டுமென்றால் பெறுபவனுக்குப் பசி இருந்தாக வேண்டும் என்பது கெட்ட பாடம். இரண்டையும் ஒரே இலையில் பரிமாறுகிறது காப்பியம். நாம் பிரித்து உண்ணத் தெரிந்தவர்களாக இருக்க வேண்டும்.

உரு மாறியது, உயிர் போனது

ஆபுத்திரன் இட்ட பாத்திரம் மணிமேகலையின் கைக்கு வருகிறது. கூடவே மூன்று மந்திரங்களும் வருகின்றன: வானில் செல்ல ஒன்று, வேற்றுரு எடுக்க ஒன்று, பசி தாங்க ஒன்று. இந்த மந்திரங்கள் கதையில் விளைத்தது என்ன?

தன்னைத் துரத்தும் அரசிளங்குமரன் உதயகுமரனிடமிருந்து தப்பக் காயசண்டிகை என்பவளின் உருவத்தை எடுக்கிறாள் மணிமேகலை. காயசண்டிகையின் கணவன் அவளைத் தன் மனைவியே என்று எண்ணுகிறான். உதயகுமரன் அவளை நெருங்குவதைக் கண்டு வாளால் வெட்டுகிறான். ஓர் உயிர் போயிற்று. அந்தப் பழியால் மணிமேகலை சிறை புகுந்தாள். பிறகு வஞ்சி மாநகரிலே மாதவன் வடிவம் எடுக்கிறாள். பெண்ணாக வந்து கேட்டால் சமயவாதிகள் செவிசாய்க்க மாட்டார்கள் என்ற நிலைக்காக எடுத்த வேடம் அது. அறிவு கேட்கப் போனவள் ஆணாக மாற வேண்டியிருந்தது என்றால், மாறவேண்டியது அவள் உருவமா, அந்த ஊரா?

இப்போது இன்னொரு மாற்றத்தைப் பாருங்கள். இதே மணிமேகலை, புகாரிலே, சிறைக்கோட்டத்துக்குள் பாத்திரத்தோடு போகிறாள். அங்கே வாடியவர்களுக்கு ஊட்டுகிறாள். வியந்த மன்னன் 'என்ன வேண்டும்?' என்கிறான். 'சிறைக்கோட்டத்தை ஒழித்து அறக்கோட்டம் ஆக்குக' என்கிறாள். ஆக்கினான். சுவர் அதே சுவர். கதவு அதே கதவு. பூட்டு மட்டும் போயிற்று. இதற்கு எந்த மந்திரமும் ஓதப்படவில்லை. ஒரு பெண் கேட்டாள், ஓர் ஆட்சி கட்டளையிட்டது. காப்பியம் முழுவதிலும் நடக்கும் உண்மையான உருமாற்றம் இது ஒன்றுதான். மந்திரத்தால் மாறிய உரு கொலையில் முடிந்தது; மனிதர் முடிவால் மாறிய கட்டடம் வாழ்வில் முடிந்தது. புலவர் அறிந்து செய்தாரோ, அவருடைய நல்லுள்ளம் அறியாமல் செய்ததோ. நூலில் அது இருக்கிறது.

மன்னன் கேட்ட மூன்று கேள்வி

இனிக் காஞ்சிக்கு வருவோம். கச்சிமாநகர் பஞ்சத்தில் கிடக்கிறது. மன்னன் இளங்கிள்ளி மணிமேகலையிடம் தன் துயரைச் சொல்கிறான். மழை ஏன் பொய்த்தது? அவன் ஐயுறும் காரணங்கள் மூன்று: என் செங்கோல் கோணியதோ? தவம் செய்வோர் தவம் பிழைத்ததோ? பெண்களின் கற்புக் குறைந்ததோ?

முதல் கேள்விக்காக அவனைப் பாராட்டலாம். நாட்டில் பஞ்சம் வந்தால் முதலில் தன் ஆட்சியைச் சந்தேகிக்கும் மன்னர்கள் எங்கே கிடைக்கிறார்கள்? ஆனால் மூன்றாவது கேள்வி? வானம் பொய்த்ததற்கு வளையல் அணிந்தவள் விடை சொல்ல வேண்டுமாம்! ஏரி தூர்ந்ததா, மதகு உடைந்ததா, களஞ்சியம் யாரிடம் இருக்கிறது என்ற கேள்வி மட்டும் அந்த வரிசையில் இல்லை. ஏரிகளை வெட்டி, கலிங்கு கட்டி, மழைநீரைத் தேக்கி வாழ்ந்த தொண்டை மண்டலத்துக் கதையிலே ஏரியைப் பற்றி ஒரு கேள்வி இல்லை!

கற்புப் பற்றிய இந்தக் கோணல் அங்கு மட்டுமா? அமுதசுரபியில் முதற் பிச்சை இடத் தகுதியுடையவள் ஒரு கற்பரசியே என்று ஆதிரையைத் தேடிப் போகிறது கதை. ஆதிரையின் கணவன் சாதுவன் கணிகையிடம் பொருளைத் தொலைத்தவன். அவனிடம் எந்த நெருப்பும் சான்று கேட்கவில்லை. அவன் கடலில் இறந்தான் என்று கேட்டவுடன் தீயில் புகுந்தவள் ஆதிரை. தீ சுடவில்லையாம், ஆகவே கற்பரசியாம். சுட்டிருந்தால்? சுடப்பட்டுச் சாம்பலான ஆயிரமாயிரம் பெண்களுக்கு இந்தக் கதை என்ன பெயர் கொடுக்கும்? பசித்தவரின் சாதியைக் கேட்காத பாத்திரம், படைப்பவளின் கற்பை மட்டும் கேட்கிறது. இந்த இடத்தில் சாத்தனாரோடு நமக்குச் சமரசம் இல்லை.

இன்னொன்று. வஞ்சியில் சமயக் கணக்கர்கள் பலர் பேசுகின்றனர். அவர்களில் ஒருவன் பூதவாதி. பொருள்கள் கூடிக் கலக்கும்போது, கள்ளில் களிப்புத் தோன்றுவதுபோல், அறிவு தோன்றுகிறது என்பவன். அவனைக் கேட்டு மணிமேகலை நகைக்கிறாள். 'உன் தாய் தந்தையர் யார் என்பதைக் கருதலளவையால் அன்றி எப்படி அறிந்தாய்?' என்று மடக்குகிறாள். கூர்மையான கேள்விதான். அளவை நூலைக் கற்ற காலம் அது. தருக்கப் பேரறிஞர் திங்நாகரைக் காஞ்சிக்காரர் என்று மரபு சொல்லும். யுவான் சுவாங் ஏழாம் நூற்றாண்டில் வந்தபோது இங்கே பௌத்தப் பள்ளிகள் நூற்றுக்கு மேல் இருந்ததாக எழுதிவைத்தார். ஆனால் ஒரு வினா. உயிரைத் தாங்கும் உடம்பு உணவால் ஆனது. ஆகவே உணவு தருவதே அறங்களில் தலையாயது என்று நூல் முழுதும் முழங்கும் புலவர், உடம்பை முதலாக வைத்துப் பேசியவனைப் பார்த்து மட்டும் ஏன் நகைக்க வேண்டும்? சாத்தனாரின் தருக்கம் பூதவாதியை மறுக்கிறது. சாத்தனாரின் சமையலறை பூதவாதியை ஒப்புக்கொள்கிறது!

காஞ்சியின் உண்மையான மாயப் பொருள்

நினைத்தபடி உருமாறும் பொருள் உலகில் உண்டா? உண்டு. காஞ்சியிலேயே உண்டு. பிள்ளையார்பாளையத்துத் தெருக்களில் நடந்தால் காணலாம்.

முசுக்கொட்டை இலையைத் தின்று நான்கு முறை தோலுரித்து வளர்கிறது ஒரு புழு. ஏறத்தாழ ஒரு திங்களில், தன் வாயிலிருந்து ஓர் எச்சிலை இழுக்கிறது. காற்றுப் பட்டதும் அது இழையாகிறது. ஓராயிரம் மீட்டர் அளவுக்கு நீளும் ஒரே இழை. அதைத் தன்னைச் சுற்றிச் சுற்றிக் கூடாக்குகிறது. கூட்டைக் கொதிநீரில் இட்டு, புழு சாக, இழையை எடுக்கிறான் மனிதன். இழை முறுக்கேறி நூலாகிறது. சோப்பு நீரில் வேகவைத்துப் பசை நீக்கினால் எடையில் ஏறத்தாழக் காற்பங்கு போய்விடுகிறது. மீதியில் ஒளி பிறக்கிறது. சாயத் தொட்டியில் மூழ்கி அரக்காகவும் மாம்பழ மஞ்சளாகவும் மயில் கழுத்தாகவும் எழுகிறது. பாவாக நீள்கிறது, தாரிலே சுற்றப்பட்டு நாடாவுக்குள் புகுந்து ஊடையாக ஓடுகிறது. வெள்ளிக் கம்பியைத் தட்டையாக்கிப் பட்டிழைமேல் சுற்றிப் பொன்முலாம் பூசிய சரிகை, கரையில் வந்து கலக்கிறது. உடலும் கரையும் வெவ்வேறு நிறமென்றால், இரண்டையும் ஊடைக்கு ஊடை பிணைக்கும் கோர்வை வேலைக்குத் தறியில் இருவர் வேண்டும். எச்சில் இழையாயிற்று, இழை நூலாயிற்று, நூல் சேலையாயிற்று. எந்தக் காப்பியத்து மாயப் பொருள் இத்தனை உரு எடுத்தது?

ஆனால் இதற்கும் ஒரு புராணம் கட்டியிருக்கிறார்கள். நெசவாளர்களில் ஒரு பிரிவினர் மார்க்கண்டேய முனிவரின் வழிவந்தவர்களாம். அம்முனிவர் தாமரைத் தண்டின் நூலை எடுத்துத் தேவர்களுக்கு ஆடை நெய்தவராம். தேவருக்கு நெய்த முனிவர் கூலி கேட்டதாகக் கதை இல்லை. அதனால்தானோ என்னவோ, மனிதருக்கு நெய்பவர் கூலி கேட்டால் கோபம் வருகிறது!

தாமரைத் தண்டு எத்தனை வேண்டுமானாலும் கிடைக்கும். பட்டு நூல் அப்படிக் கிடைப்பதில்லை. நிறுத்துக் கொடுக்கப்படுகிறது. நெய்து முடித்த சேலையும் நிறுத்து வாங்கப்படுகிறது. குறைந்த எடைக்கு நெசவாளர் விடை சொல்ல வேண்டும். அமுதசுரபி அள்ளக் குறையாது. பட்டு இழை அணுவளவு குறைந்தாலும் கூலியிலே குறையும். முன்பணம் என்ற முடிச்சு வேறு. அந்த முடிச்சை அவிழ்க்க மாட்டாமல் பிள்ளைகளையும் தறிமேடைக்கு அனுப்பிய குடும்பங்கள் எத்தனை! கடனுக்கு ஈடாக உழைப்பதைத் தடைசெய்யும் சட்டம் 1976-இலேயே வந்தது. ஆயினும், இந்தியப் பட்டுத் தொழிலில் கடனுக்குப் பிணையாகச் சிறுவர்கள் உழைப்பதை விரித்து அனைத்துலக மனித உரிமை அமைப்பு ஒன்று 2003-இல் வெளியிட்ட அறிக்கையிலே காஞ்சிபுரத்துத் தறிகளும் இடம்பெற்றன. கோர்வை வேலைக்கு இரண்டாவது ஆள் வேண்டுமல்லவா? அந்த இரண்டாவது ஆளின் கால் பல தறிகளில் தரையைக்கூட எட்டவில்லை. கூட்டுறவுச் சங்கங்களும், பள்ளிகளும், தொண்டர்களும் பாடுபட்டு இந்தக் கொடுமையைப் பெரிதும் குறைத்தனர். குறைத்தவை மனிதக் கைகள். எந்தக் குளத்திலிருந்தும் எழுந்து வந்தவை அல்ல.

ஒருமுறை முதிய நெசவாளர் ஒருவரிடம் அமுதசுரபிக் கதையைச் சொன்னேன். நாடாவை நிறுத்தாமலே கேட்டுக்கொண்டிருந்தவர் சிரித்தார். "அப்படி ஒரு பாத்திரம் நெசமா இருந்துச்சுன்னா, தம்பி, அது மொதலாளி வீட்டுப் பீரோவுலதான் இருக்கும். நம்ம தெருவுக்கு ஏன் வருது?" என்றார். ஆயிரம் பக்க ஆராய்ச்சி நூல் சொல்லாத திறனாய்வை அவர் ஒரு சிரிப்பிலே சொல்லிவிட்டார்.

திரையில் ஒரு சேலை

இந்தச் சிரிப்பின் மறுபக்கமான கண்ணீரைக் காட்டிய கலைப்படைப்பு ஒன்று உண்டு. பிரியதர்சன் இயக்கிய 'காஞ்சிவரம்' என்ற திரைப்படம், 2007-ஆம் ஆண்டுக்கான தேசிய விருதுகளில் சிறந்த படமாகத் தேர்வாயிற்று. அதில் நெசவாளராக நடித்த பிரகாசு ராசுக்குச் சிறந்த நடிகர் விருது கிடைத்தது. ஊருக்கெல்லாம் பட்டு நெய்பவன், தன் மகளின் திருமணத்துக்குப் பட்டுச் சேலை உடுத்துவேன் என்று வாக்களிக்கிறான். வாங்கும் வசதி எந்நாளும் வராது. ஆகவே நாள்தோறும் சிறிது இழையை வாயில் ஒளித்துக் கொண்டுவந்து, மறைவாக நெய்கிறான். கூலி உயர்வுக்காகத் தோழர்களைத் திரட்டிய அவனே, அந்தச் சேலை முடிய வேண்டும் என்பதற்காக வேலைநிறுத்தத்தைத் தளர்த்தும் நிலைக்கு வருகிறான். அகப்படுகிறான், சிறைப்படுகிறான். கடைசியில், முடியாத அந்தத் துணி, இறந்த மகளின் உடலை முழுவதும் மூடக்கூடப் போதவில்லை.

புழு தன் வாயிலிருந்து இழையைக் கக்குகிறது. மனிதன் அதே இழையைத் தன் வாய்க்குள் ஒளிக்கிறான். அமுதசுரபி அனைவருக்கும் போதுகிறது. இந்தச் சேலை ஒரு பிணத்துக்கும் போதவில்லை. மணிமேகலையைப் படித்துவிட்டு இப்படத்தைப் பாருங்கள். இப்படத்தைப் பார்த்துவிட்டு மீண்டும் மணிமேகலையைப் படியுங்கள். ஒன்று, என்ன வேண்டும் என்று சொல்கிறது. மற்றொன்று, ஏன் கிடைக்கவில்லை என்று சொல்கிறது. படத்திலும் ஒரு குறை உண்டு: தனி மனிதனின் அழிவோடு கதவைச் சாத்திவிடுகிறது, கூடி நின்ற நெசவாளர்கள் பிறகு என்ன ஆனார்கள் என்று திரும்பிப் பார்க்கவில்லை. ஆயினும், வரம் என்னும் பொய்யை அது சொல்லவில்லை. அந்த அளவில் அது நேர்மையான படைப்பு.

கொள்ள வேண்டியதும் தள்ள வேண்டியதும்

1943-இலே, கம்பராமாயணத்தையும் பெரியபுராணத்தையும் முன்வைத்துத் தமிழகத்தில் சொற்போர் நடந்தது. பழைய நூலைக் கொளுத்துவதா, கொண்டாடுவதா என்ற அந்தக் கேள்வி, நூலை அஞ்சாமல் எடைபோடும் துணிவைத் தமிழ் இளைஞனுக்குத் தந்தது. அந்தத் துணிவோடு மணிமேகலையை எடைபோட்டால் என்ன தேறுகிறது?

தீயில் புகும் ஆதிரையையும், மழைக்குக் கற்பைக் காரணம் காட்டும் மன்னனையும், பழம்பிறப்புக் கணக்கையும் தள்ளுவோம். வேள்விப் பசுவை அவிழ்த்த பிள்ளையைக் கொள்வோம். கல் விழுந்த ஓட்டைக் கொள்வோம். பூட்டு நீங்கிய சிறையைக் கொள்வோம். குருடரும் முடவரும் முதலில் அமரும் பந்தியைக் கொள்வோம்.

அந்தப் பந்தி வெறும் கனவாகவும் போய்விடவில்லை. 1920-இல், பிட்டி தியாகராயர் தலைமையிலிருந்த சென்னை மாநகராட்சி, ஆயிரம் விளக்குப் பகுதிப் பள்ளியில் ஏழைப் பிள்ளைகளுக்குச் சிற்றுண்டி கொடுக்க முடிவு செய்தது. 1956-இல் காமராசர் ஆட்சியில் மதிய உணவு நாடெங்கும் பரவத் தொடங்கியது. 1982-இல் சத்துணவுத் திட்டமாக அது விரிந்தது. 2022-இல் காலை உணவும் சேர்ந்தது. இங்கே எந்தத் தெய்வமும் பாத்திரம் கொடுக்கவில்லை. உழவன் விளைத்தான், மக்கள் வரி செலுத்தினார்கள், அரசு ஒதுக்கியது, சமையல் செய்யும் தாய் விடியலில் எழுந்து உலை வைத்தாள். அள்ளினால் குறையும் பாத்திரந்தான் அது. குறையக் குறைய நிரப்ப வேண்டும் என்று கணக்குக் கேட்கும் குடிமக்கள் இருப்பதால்தான் அது வற்றாமல் இருக்கிறது. ஒருநாள் கேட்பதை நிறுத்தினால் அன்றே வற்றும்.

வயிற்றுக்கு நாம் கண்டுபிடித்த இந்த வழியைத் தறிக்கும் கண்டுபிடித்துவிட்டோமா? கைத்தறிக்கென்று சில துணி வகைகளை ஒதுக்கி 1985-இல் சட்டம் வந்தது. காஞ்சிப் பட்டுக்குப் புவிசார் குறியீடும் கிடைத்தது. ஆனாலும், விசைத்தறித் துணி கைத்தறிப் பெயரில் உலவுகிறது. போலிச் சரிகை பொன்னென்று மின்னுகிறது. உண்மையாக உருமாற்றுகிறவன் ஒருவன்; உருமாற்றி விற்கிறவன் இன்னொருவன். சேலையின் விலைச்சீட்டில் கடையின் பெயர் இருக்கிறது. நெய்த கையின் பெயர் இல்லை. கொடுப்பவன் பெயரை மட்டும் சொல்லிப் பெறுபவனின் பசியை மறந்த பழைய குறையே, விற்பவன் பெயரை மட்டும் சொல்லி நெய்பவனின் பசியை மறக்கும் புதிய குறையாக உருமாறி நிற்கிறது.

இளைஞனே! சிலை மீண்டும் குளத்திலிருந்து எழும் நாளை எண்ணிக்கொண்டிருப்பவர்கள் எண்ணிக்கொண்டிருக்கட்டும். அதற்கு 2059 வரை நேரம் இருக்கிறது. நீ அதுவரை காத்திருக்க வேண்டாம். அடுத்த முறை ஒரு பட்டுச் சேலையைத் தொடும்போது, இதன் எடையில் எவ்வளவு பொன், எவ்வளவு வெள்ளி என்று கேட்பவர்களுக்கு நடுவே நின்று, 'நெய்தவருக்கு எவ்வளவு?' என்று ஒரு கேள்வி கேள். பிச்சை ஓட்டில் கல்லைப் போட்டார்கள் என்பதற்காக ஆபுத்திரன் கேள்வியைத் திரும்பப் பெறவில்லை. நீயும் பெறாதே.